இளஞ்சிறார் வயது நிர்ணயம் (இந்தியா)

இளஞ்சிறார் வயது நிர்ணயம் என்பது, குற்றஞ்சாட்டப்பட்ட ஒருவர் குற்றம் நிகழ்ந்த நாளில் 18 வயது நிறைவடையாதவராக இருந்தாரா என்பதை முடிவுசெய்யும் சட்ட நடைமுறை ஆகும். இந்தியாவில் இது இளைஞர் நீதி (குழந்தைகள் பராமரிப்பு மற்றும் பாதுகாப்பு) சட்டம், 2015-இன் 9, 94 ஆகிய பிரிவுகளின்படி நடைபெறுகிறது. இளஞ்சிறார் என முடிவானால் வழக்கு இளைஞர் நீதிக் குழுமத்திற்கு மாற்றப்படும். மரண தண்டனை விதிக்க இயலாது.

வரலாறு

1986ஆம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டம் ஆண்களுக்கு 16 வயதையும் பெண்களுக்கு 18 வயதையும் வரம்பாகக் கொண்டிருந்தது. 2001 ஏப்ரல் 1 அன்று நடைமுறைக்கு வந்த 2000ஆம் ஆண்டுச் சட்டம் இருபாலருக்கும் 18 வயது என மாற்றியது. இன்றுள்ள சட்டம் 2016 சனவரி 15 முதல் நடைமுறையில் உள்ளது.

கணக்கிடப்படும் நாள்

எந்த நாளில் இருந்த வயதைக் கொள்வது என்பதில் நெடுங்காலம் கருத்து வேறுபாடு நிலவியது. குற்றம் நிகழ்ந்த நாளே கருதத்தக்கது என 1982இல் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆனால் 2000இல் வேறொரு அமர்வு, நீதிமன்றத்தில் முன்னிறுத்தப்பட்ட நாளைக் கொள்ள வேண்டும் எனத் தீர்ப்பளித்தது. இம்முரண்பாட்டை 2005இல் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியலமைப்பு அமர்வு நீக்கி, குற்றம் நிகழ்ந்த நாளையே உறுதிசெய்தது.

சான்றுகளின் வரிசை

தோற்றத்தைக் கொண்டே ஒருவர் சிறார் எனத் தெளிவாகத் தெரிந்தால், இளைஞர் நீதிக் குழுமம் அதனைப் பதிவுசெய்து மேற்செல்லலாம். ஐயம் இருப்பின், பிரிவு 94 பின்வரும் வரிசையில் சான்றுகளை ஏற்கிறது:

1. பள்ளி அளித்த பிறந்த நாள் சான்றிதழ் அல்லது தேர்வு வாரியத்தின் பத்தாம் வகுப்புச் சான்றிதழ்.
2. இவை இல்லாதபோது, மாநகராட்சி, நகராட்சி அல்லது ஊராட்சி வழங்கிய பிறப்புச் சான்றிதழ்.
3. மேற்கண்ட எதுவும் இல்லாதபோது மட்டும், எலும்பு முதிர்வுச் சோதனை அல்லது வேறு புதிய மருத்துவச் சோதனை. உத்தரவிட்ட நாளிலிருந்து 15 நாட்களுக்குள் இதனை முடிக்க வேண்டும்.

எலும்பு முதிர்வுச் சோதனையில் மணிக்கட்டு, முழங்கை, இடுப்பு முதலியவற்றின் எலும்பு முனைகள் இணைந்துள்ள நிலை ஊடுகதிர்ப் படம் மூலம் ஆராயப்படுகிறது. உணவு, உடல்நலம், மரபு ஆகியவற்றால் எலும்பு வளர்ச்சி ஆளுக்கு ஆள் மாறுபடும். எனவே இதன் முடிவு இரு புறமும் இரண்டு ஆண்டுகள் வரை பிழைபடலாம் என 1982ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்று குறிப்பிடுகிறது. 17 வயதா 19 வயதா என்பதே வழக்கின் கேள்வியாக இருக்கும்போது இப்பிழை பெரிதாகும். மருத்துவச் சோதனை இறுதியில் வைக்கப்பட்டுள்ளதன் பயன் இங்கு விளங்கும்.

ஆவணங்களிலும் குறைகள் உண்டு. பிறப்பு பதிவுசெய்யப்படாத குடும்பங்களில், பள்ளியில் சேர்க்கும்போது பெற்றோர் வாய்மொழியாகக் கூறிய நாளே பதிவேட்டில் இடம்பெறுவது உண்டு. ஆகவே பதிவேட்டின் நம்பகத்தன்மையையும் நீதிமன்றம் ஆராயலாம்.

கோரிக்கை எழுப்பும் காலம்

இளஞ்சிறார் என்னும் கோரிக்கையை எந்த நீதிமன்றத்திலும், எந்த நிலையிலும், வழக்கு இறுதியாக முடிந்த பின்னரும் எழுப்பலாம் எனப் பிரிவு 9 கூறுகிறது. அப்போது அவர் 18 வயதைக் கடந்துவிட்டிருப்பினும் தடையில்லை. நீதிமன்றம் சாட்சியங்களைப் பெற்று விசாரிக்க வேண்டும். உறுதிமொழிப் பத்திரம் மட்டும் போதாது. கோரிக்கை மெய்ப்பிக்கப்பட்டால் முன்னர் விதித்த தண்டனை செயலற்றதாகும்.

குறிப்பிடத்தக்க வழக்குகள்

1994இல் புனேயில் நடந்த கொலைகளுக்காக மரண தண்டனை பெற்ற ஒருவரை, 2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் விடுவித்தது. இராசத்தானில் உள்ள பள்ளிப் பதிவேட்டின்படி, குற்ற நாளில் அவருக்கு வயது 12 ஆண்டு 6 மாதம். அவர் 28 ஆண்டுகளுக்கு மேல் சிறையில் இருந்துவிட்டார்.

1994இல் டேராடூனில் நிகழ்ந்த கொலைகள் தொடர்பான வழக்கில், வங்கிக் கணக்கு வைத்திருந்ததைக் காட்டி விசாரணை நீதிமன்றம் ஒருவரை வயது வந்தவராகக் கருதியது. அவருக்கு விதிக்கப்பட்ட மரண தண்டனையைக் குடியரசுத் தலைவர் 2012இல் குறைத்தார். குற்ற நாளில் அவருக்கு 14 வயதே என ஏற்ற உச்ச நீதிமன்றம், 2025 சனவரியில் அவரை விடுவித்தது. அதற்குள் அவர் ஏறத்தாழ 25 ஆண்டுகள் சிறையில் கழித்திருந்தார்.

16 முதல் 18 வயது வரையுள்ளோர்

2015ஆம் ஆண்டுச் சட்டப்படி, கொடுங்குற்றம் செய்ததாகக் கூறப்படும் 16 வயது நிறைந்த சிறாரை, முதனிலை மதிப்பீட்டிற்குப் பின் குழந்தைகள் நீதிமன்றத்தில் வயது வந்தவரைப் போல விசாரிக்கலாம். இதனால் 18 வயதைப் போலவே 16 வயதும் வழக்கின் போக்கை மாற்றும் எல்லையாகியுள்ளது.