டங்டுட்

டங்டுட் என்பது இந்தோனேசியாவின் வெகுசன இசை வகை. நாட்டில் மிகப் பரவலாகக் கேட்கப்படுவதும் அதுவே. தபலாவை ஒத்த கெண்டாங் என்ற இரட்டை மேளத்தின் ஓசைதான் அதன் பெயர். சிறிய மேளத்தில் 'டங்' என்று ஒரு தட்டு. பெரிய மேளத்தில் உள்ளங்கையின் அடிப்பகுதியை அழுத்தி நகர்த்தினால் சுருதி வழுக்கி மேலேறும், அது 'டுட்'. முதல் ஓசை தாளச் சுற்றின் கடைசியிலும் இரண்டாவது அடுத்த சுற்றின் தொடக்கத்திலும் விழுவதால், ஆடுகிறவரை அந்தத் தாளம் நிற்க விடுவதில்லை. இந்தப் பெயரைச் சூட்டியவர்கள் ரசிகர்கள் அல்லர். 1970களில் நகரத்துப் படித்தவர்கள் ஏளனமாகச் சொன்ன சொல் அது. பாடகர் ரோமா இராமா அதை எடுத்துத் தம் பாடலுக்குள்ளேயே வைத்தார், வசையே அடையாளமாயிற்று.

இந்தி சினிமா இசையின் நகல் இது என்பார்கள். அதற்குச் சான்று இல்லாமலும் இல்லை. 1950களிலும் 60களிலும் 'ஒர்கெஸ் மெலாயு' எனப்பட்ட மலாய் இசைக் குழுக்கள் இந்திப் பட மெட்டுகளுக்கு இந்தோனேசியச் சொற்களைப் பொருத்திப் பாடின. எல்யா காதாமுக்குப் புகழ் தேடித் தந்த பாடலின் தலைப்புக்கே 'இந்தியாவிலிருந்து வந்த பொம்மை' என்றுதான் பொருள். ஆனால் மெட்டு எங்கிருந்து வந்தது என்பது ஓர் இசையின் கதையில் பாதிதான். அதைக் கொண்டு என்ன செய்தார்கள் என்பதே மீதி. ரோமா 1970இல் தொடங்கிய சோனெட்டா குழு, கெண்டாங்கோடும் மூங்கில் குழலோடும், டீப் பர்ப்பிள் என்ற ராக் குழுவின் பாணி மின்கித்தாரைக் கொண்டுவந்து சேர்த்தது. பாட்டின் பொருளும் மாறியது. வீணே இரவு விழித்திருப்பது, சூதாட்டம், ஏழை பணக்காரன் இடைவெளி என்று குடிசைப் பகுதிகளின் அன்றாடக் கவலைகளை இஸ்லாமிய அறவுரையாக, ராக் இசையின் முழக்கத்தோடு அவர் பாடினார். இப்படி ஒரு கலவை எந்த இந்திப் படத்திலும் இருந்ததில்லை. இதை நகல் என்று சொல்ல மூலத்தைக் காட்ட வேண்டும்; அப்படியொரு மூலம் கிடையாது.

இந்த இசையை நாட்டுக்கே உரியதாக்கியது அரசு அன்று என்பதும் முக்கியம். 1977 தேர்தலில் இஸ்லாமியக் கட்சியான பி.பி.பி.க்கு ரோமா பிரசாரம் செய்தார். அதனால் அதிபர் சுகார்த்தோ ஆட்சியின் அரசுத் தொலைக்காட்சி பத்தாண்டுக்கும் மேல் அவருக்குக் கதவடைத்தது. அப்போது நாட்டில் வேறு தொலைக்காட்சியே இல்லை. இருந்தும் ஒலிநாடாக்களும் திரைப்படங்களும் அவர் குரலைத் தீவு தீவாகக் கொண்டுபோயின. மேலிருந்து ஊட்டப்பட்ட தேசியப் பண்பாடு எதற்கும் இந்த வலு இருந்ததில்லை என்றே சொல்ல வேண்டும்.

எல்லோருக்கும் பொதுவான இசை என்றால் அதற்குள் இத்தனை சண்டை ஏன் என்று கேட்கலாம். கிழக்கு ஜாவாவின் கல்யாண மேடைகளிலிருந்து வந்த இனுல் டாராதிஸ்தா, துளைபோடும் கருவிபோல் இடுப்பைச் சுழற்றி ஆடியதை 2003இல் ரோமாவே பகிரங்கமாகக் கண்டித்தார். மதத் தலைவர்களும் எதிர்த்தார்கள். இனுலின் பக்கம் நின்றவர்களும் ஏராளம். இந்தச் சண்டை டங்டுட்டின் பொதுத்தன்மையைப் பொய்யாக்கவில்லை. பெண்ணின் உடல், பக்தி, வறுமை பற்றிய வாதங்களை அந்த நாடு நடத்திய களங்களில் இதுவும் ஒன்று. யாருக்கும் வேண்டாத இசைக்காக யாரும் இப்படி மல்லுக்கு நிற்பதில்லை.

இன்னொரு மறுப்புக்குக் கனம் அதிகம். தாளத்தை வேகப்படுத்திய 'கொப்லோ' வகை வந்த பிறகு பல பாடல்கள் இந்தோனேசிய மொழியை விட்டு ஜாவானிய மொழிக்குப் போய்விட்டன. அப்படியானால் இது ஒரு வட்டாரத்தின் இசையாகச் சுருங்கிவிட்டதா? மொழியை மட்டும் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். ஆனால் டங்டுட்டில் ஆட்களைச் சேர்ப்பது சொல்லைவிடத் தாளம். கொப்லோ பாடிப் பெயர்பெற்ற வியா வாலன்தான் 2018 ஆசிய விளையாட்டுப் போட்டியின் அதிகாரப்பூர்வப் பாடலைப் பாடினார். 2022 ஆகஸ்ட் 17 சுதந்திர தின விழாவில், ஜகார்த்தா அரண்மனை முற்றத்தில் 12 வயதுச் சிறுவன் ஒருவன் கொப்லோ தாளத்தில் ஜாவானிய மொழிப் பாடல் ஒன்றைப் பாடினான். பாரம்பரிய உடையில் வந்திருந்த அமைச்சர்கள் இருக்கையை விட்டு எழுந்து வந்து ஆடினார்கள்.