பச்சையும் பாட்டும்: கரிசல் நிலத்துக் குறத்தியர் தொழில் வரலாறு

உலகப் பெருநகரங்களில், ராப் என வழங்கும் சொல்லடுக்குப் பாட்டினைத் தாமே கட்டிப் பாடும் இளைஞர் சிலர், பச்சை குத்துதலையும் தம் வாழ்க்கைத் தொழிலாகக் கொண்டிருத்தலை இன்று காண்கிறோம். ராப் பாட்டு 1970-களில் நியூயார்க்கு நகரின் பிராங்க்ஸ் பகுதியில் கறுப்பின இளைஞரிடையே தோன்றியது. மின்விசையால் இயங்கும் பச்சைக் கருவிக்கு அதே நகரில் 1891-இல் சாமுவேல் ஓரெய்லி என்பார் காப்புரிமை பெற்றார். ஆதலின் இவ்விரண்டும், இவை ஒருவரிடத்தே இணைதலும், மேலைநாட்டு வரவே எனப் பலர் கருதுவர். கருவி வரவு என்பது உண்மையே. ஆயின் ஊசி பிடித்த கையும் பாடும் வாயும் ஒருவரிடத்தே அமைந்த தொழில் தமிழகத்திற்குப் புதியதன்று. அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரங்களை உள்ளிட்ட வறண்ட நாட்டில் ஊர்தோறும் சென்று பச்சை குத்திய குறத்தியரின் வரலாற்றை ஈண்டு ஆராய்வாம்.

முதற்கண் நூற்சான்றுகளைக் காண்போம். சங்க இலக்கியங்களிற் பயிலும் தொய்யிலைப் பச்சை குத்துதல் எனக் கொள்வாரும் உளர். அது பொருந்தாது. தொய்யில் என்பது மகளிர் தோளிலும் மார்பிலும் குழம்பு கொண்டு எழுதப்படுவது, அழியும் இயல்பினது. பச்சையோ தோலைத் துளைத்து இடப்படுவது, உயிருள்ளளவும் நிற்பது. எனவே இத்தொழிலின் தொன்மையைத் தொய்யிலைக் கொண்டு நிறுவுதல் இயலாது. பாட்டின் தொன்மைக்கோ சான்று உண்டு. பாடிக் குறி சொல்லும் அகவன்மகளைக் குறுந்தொகை காட்டுகின்றது. பதினேழாம் நூற்றாண்டில் குமரகுருபரர் மீனாட்சியம்மை குறம் பாடினார். பதினெட்டாம் நூற்றாண்டில் திரிகூடராசப்பக் கவிராயர் திருக்குற்றாலக் குறவஞ்சி இயற்றினார். குறவஞ்சியில் சிங்கன், சிங்கி அணிந்துள்ள அணிகலன் ஒவ்வொன்றையும் குறித்து வினவ, அவை தான் சென்ற நாடுகளிற் பெற்ற பரிசுகள் என அவள் விடை கூறுகின்றாள். நாடு சுற்றுதலும் பாடுதலும் பரிசில் பெறுதலுமே குறத்தியின் தொழில் வாழ்க்கை என்பதனைப் புலவர் நன்கு அறிந்திருந்தனர் என்பது இதனாற் பெறப்படும்.

இனி நிலத்தின் இயல்பை நோக்குவோம். 1985 வரை இராமநாதபுரம் மாவட்டத்திலும், அதன்பின் விருதுநகர் மாவட்டத்திலும் அடங்கிய இப்பகுதி பெரும்பாலும் வானம் பார்த்த பூமி. குண்டாறு ஆண்டின் பெரும்பகுதி வறண்டு கிடக்கும். பருத்தியும் கம்பும் சோளமும் விளைந்து வீடு சேர்ந்தபின்னரே மக்கள் கையிற் சிறிது பொருள் இருக்கும். இத்தகைய நாட்டில் நிலைத்த கடைகளினும், வேண்டுங்காலத்து வந்து செல்லும் நாடோடித் தொழிலாளரே மிகுதியும் பயன்பட்டனர். உப்புக் குறவர், கறிவேப்பிலைக் குறவர் என்னும் பிரிவுப் பெயர்களே அவர்தம் பழைய வாணிகத்தைக் காட்டும். ஆடவர் கழுதைமேல் உப்பும் தானியமும் ஏற்றிச் சென்றனர். பெண்டிர் கூடை முடைதல், குறி சொல்லல், பச்சை குத்தல் ஆகியவற்றைச் செய்தனர். நரிக்குறவர் இவரின் வேறாய மக்கள். வாக்ரி என்னும் மொழி பேசுவோர். இருவரையும் மயங்கக் கொள்ளுதல் ஆராய்ச்சிக்கு இழுக்காகும்.

தொழில்முறையைச் சென்னை அருங்காட்சியகத் தலைவராயிருந்த எட்கர் தர்ஸ்டன், 1906-இல் வெளிவந்த தம் நூலிற் குறித்துள்ளார். மஞ்சள் தூளையும் அகத்தியிலையையும் சேர்த்துத் துணியிற் பொதிந்து திரியாக்கி, ஆமணக்கெண்ணெய் விளக்கில் எரித்து, மேலே கவிழ்த்த புதுச்சட்டியிற் படியும் கரியைச் சுரண்டி எடுப்பர். அக்கரியைத் தாய்ப்பாலிலோ நீரிலோ குழைத்து மையாக்குவர். சேர்த்துக் கட்டிய ஊசிகளால் தோலிற் குத்தி ஏற்றுவர். கோலம், தேள், பூ முதலியன பெருவழக்கான உருவங்கள். குத்தும்போதே நோவை மறப்பிக்கப் பாடுதல் உண்டு. இப்பாட்டினை ஓய்வுநேர இன்பமாகக் கருதலாகாது. கை பிடித்து அமர்ந்திருக்கும் சிறுமி கையை இழுத்துக்கொள்வாளாயின் கோலம் கெடும், கெட்டது அழியாது. எனவே பாட்டு, ஊசியும் மையும் போலவே தொழிற்கருவி ஆயிற்று. அப்பாட்டின் பொருளைத் தர்ஸ்டன் குறித்தார். பாடியவள் பெயரைக் குறித்திலர்.

இத்தொழிலின் வீழ்ச்சிக்குச் சுவை மாற்றமே காரணம் எனக் கூறுவர். வரலாறு வேறொன்றைக் காட்டுகின்றது. 1870-களில் மதுரையினின்று தூத்துக்குடிக்கு இருப்புப்பாதை அமைந்தது. ஆங்கில அரசின் உப்பு வரிக் கட்டுப்பாடும், 1876-78 பெரும்பஞ்சமும் குறவரின் வாணிகத்தை அழித்தன. வாணிகம் இழந்தும் அலைதலை விடாத குடியினரை அரசு ஐயுற்றது. 1871-இல் வட இந்தியாவிற்கென இயற்றிய குற்றப்பரம்பரைச் சட்டம் 1911-இல் சென்னை மாகாணத்திற்கும் விரிக்கப்பட்டது. இதன்கீழ் அறிவிக்கப்பட்ட குடிகளுள் குறவரும் அடங்குவர். பதிவு செய்யப்பட்டோர் கைரேகை வைத்தல் வேண்டும். குறித்த காலத்திற் காவலர்முன் தோன்றுதல் வேண்டும். இடம்பெயர இசைவு பெறுதல் வேண்டும். குறி சொல்லவும் பொருள் விற்கவும் வீட்டுவாயிலில் வந்து நிற்கும் குறத்தி, தன் ஆடவர் களவுக்கு உளவறிகின்றாள் என அக்காலக் காவல்துறை நூல்கள் எழுதின. பிறர் உடலிற் குறி இட்டவளின் குடியையே அரசு குறி இட்டது. வாயில்தோறும் செல்லுதலே தொழிலாக உடையவளுக்கு, வாயிலில் நிற்றலே குற்றத்தின் அறிகுறி ஆயிற்று. இச்சட்டம் சென்னை மாகாணத்தில் 1947-இலும், இந்தியா முழுவதும் 1952-இலும் நீங்கியது. ஆயின் ஐயம் சட்டத்தோடு நீங்கிற்றில்லை.

பச்சை குத்தும் வழக்கமோ வேறு வடிவிற் தொடர்ந்தது. 1972-இல் அ.தி.மு.க. தோன்றியபின் அக்கட்சித் தொண்டர் பலர் கட்சியின் அடையாளங்களைக் கையிற் குத்திக்கொண்டனர். அதன் தலைவர் எம்.ஜி.ஆர். 1977-இல் சட்டமன்றத்திற்கு வெற்றிபெற்றது அருப்புக்கோட்டைத் தொகுதியினின்றே என்பது இவ்வட்டாரத்தார் அறிந்ததே. திருவிழாக் கடைகளில் மின்கருவி வந்தது. அது விரைவிற் குத்துவது, ஓயாது இரைவது. நெடுநேரம் கையைப் பிடித்துவைக்க வேண்டாமையின் பாட்டிற்குத் தேவையில்லை. இரைச்சலிற் பாடினும் கேளாது. இவ்வாறு தொழில் நிற்கப் பாட்டு அகன்றது. மலேசியாவின் யோகி பி, நட்சத்திரா குழுவினர் 2006-இல் ‘வல்லவன்’ தொகுப்பை வெளியிட்டனர். அதன்பின் தமிழ் ராப் பெருகியபோது, பாட்டும் தனித்தொரு தொழிலாக வளர்ந்தது. இன்று இரண்டையும் மீண்டும் ஒருங்கே மேற்கொள்ளும் இளைஞர், தமக்கு முன்னோர் இந்நாட்டிலேயே இருந்தனர் என அறிதல் நன்று.

ஒரு ராப் பாடகரின் வாழ்க்கை வரலாற்றை எழுதுதல் இன்று எளிது. பதிவான பாட்டு உண்டு, நாளும் பெயரும் உண்டு. குறத்தி ஒருத்தியின் வரலாற்றை எழுத அவள் இட்ட குறிகளே எஞ்சியுள்ளன. அவை ஏட்டிலும் கல்லிலும் இல்லை. முதிய மகளிரின் முன்கையில் உள்ளன. அம்மகளிர் இறக்குந்தோறும் ஓர் ஆவணம் சுடுகாட்டில் அழிகின்றது. கல்வெட்டிற்குப் படியெடுக்கும் நாம் இதற்கும் படியெடுத்தல் வேண்டும். அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரச் சிற்றூர்களில் முதுகலை மாணவர் சென்று, உரியார் இசைவுடன் உருவத்தை வரைந்தும், குத்திய காலம், கொடுத்த கூலி, கேட்ட பாட்டு ஆகியவற்றை வினவியும் எழுதுதல் தகும். குறவர் குடியிற் பாட்டறிந்த மூதாட்டியர் உளரேல், அவர் விரும்பின் அவர் பெயரோடு பதிவு செய்தல் இன்றியமையாதது. பெயரின்றி எழுதிய பழைய பிழையைத் தமிழ்த்துறைகளும் செய்யலாகாது என்பது எம் துணிபு.