காலம் காட்டும் கனிமம்: குவார்ட்சும் அத்திரம்பாக்கமும்

குவார்ட்சு என்பது சிலிக்கானும் ஆக்சிசனும் சேர்ந்து உருவான ஒரு கனிமம். சிற்றூர்களில் வெங்கச்சங்கல் என்று வழங்கும் வெள்ளைக் கல் இதுவே. ஆற்று மணலின் பெரும்பகுதியும் இதுவே. காலத்தை வளைக்கும் அரிய கனிமம் கதைகளில் மட்டுமே உண்டு. காலத்தைக் கணக்கிட உதவும் கனிமமோ அரியது அன்று. திருமுல்லைவாயிலில் வீடு கட்டத் தெருவோரம் கொட்டிவைக்கும் ஆற்றுமணலிலும் அது இருக்கிறது. அதே திருவள்ளூர் மாவட்டத்தில், கொசத்தலை ஆற்றுப் படுகையில் அத்திரம்பாக்கம் என்னும் பழைய கற்கால இடம் உள்ளது. அதன் வயதைச் சொன்னவை குவார்ட்சும், மண்ணில் அதனோடு கலந்து கிடக்கும் பெல்சுபார் என்னும் கனிமமுமே ஆகும்.

கருவி கிடைத்தது, காலம் கிடைக்கவில்லை

இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையில் பணியாற்றிய இராபர்ட் புரூசு பூட், 1863 மே 30 அன்று பல்லாவரத்தில் ஒரு சரளைக் குழியில் மனிதக் கையால் செதுக்கப்பட்ட கல்லைக் கண்டெடுத்தார். இந்தியாவில் பழைய கற்கால ஆய்வு இந்தக் கண்டுபிடிப்பிலிருந்தே தொடங்குகிறது. அதே ஆண்டு செப்டம்பரில் பூட்டும் அவருடைய சக அலுவலர் வில்லியம் கிங்கும் அத்திரம்பாக்கத்தில் பல கைக்கோடரிகளைக் கண்டனர். குவார்ட்சு மணல் இறுகிக் கெட்டிப்பட்டு உண்டான குவார்ட்சைட்டு என்னும் பாறையில் செய்யப்பட்டவை அவை. பூட் திரட்டிய தொகுப்பு பின்னர் சென்னை அரசு அருங்காட்சியகத்தைச் சேர்ந்தது.

கருவிகள் மிகப் பழையவை என்பது பூட்டுக்குத் தெரிந்தது. எத்தனை ஆண்டு என்று சொல்ல அன்று வழி இல்லை. இருபதாம் நூற்றாண்டில் வந்த கார்பன் முறையும் இங்கே உதவவில்லை. அது மரக்கரி, எலும்பு போன்ற உயிர்ப்பொருள்களுக்கே பொருந்தும். அதுவும் ஏறத்தாழ 50,000 ஆண்டு வரைதான்.

ஆவடியின் பெயரால் நேர்ந்த பிழை

அத்திரம்பாக்கத்தில் சரளைக்குக் கீழே தடித்த களிமண் அடுக்கு ஒன்று உள்ளது. திருமுல்லைவாயிலை அடுத்த ஆவடியின் பெயரால் அழைக்கப்படும் மிகப் பழைய களிப்பாறை ஒன்று உண்டு. டைனோசர்கள் வாழ்ந்த கிரெட்டேசியக் காலத்தைச் சேர்ந்தது. அத்திரம்பாக்கத்துக் களிமண்ணும் அந்த ஆவடிப் பாறையின் பகுதியே என்று முன்பு கருதினர். அப்படியானால் அதற்குள் மனிதன் செய்த கருவி இருக்க வழியில்லை.

1999 முதல் சாந்தி பப்பு தலைமையில் சர்மா பாரம்பரியக் கல்வி மையத்தினர் இங்கே அகழாய்வு செய்தனர். குமார் அகிலேசு இதில் உடன் பணியாற்றினார். அவர்கள் அந்தக் களிமண்ணையும் தோண்டினர். உள்ளே கைக்கோடரிகள் இருந்தன! களிமண் டைனோசர் காலத்தது அன்று, கற்கால மனிதர் காலத்தில் படிந்தது என்பது உறுதியாயிற்று.

மண்ணுக்குள் இரண்டு கடிகாரங்கள்

கைக்கடிகார முகப்பில் குவார்ட்சு என்று எழுதியிருப்பதைப் பலரும் பார்த்திருப்பர். அதனுள் இருப்பது நொடிக்கு 32,768 முறை அதிரும் சிறு படிகத் துண்டு. மண்ணில் கிடக்கும் குவார்ட்சு வேறு வகையில் காலத்தைப் பதிவு செய்கிறது.

முதலாவது, அண்டக்கதிர் முறை. விண்வெளியிலிருந்து வரும் கதிர்கள் தரைமேல் கிடக்கும் குவார்ட்சைத் தாக்கும்போது அலுமினியம்-26, பெரிலியம்-10 என்னும் கதிரியக்க அணுக்கள் மிகச் சிறு அளவில் உண்டாகின்றன. கல் ஆழமாகப் புதைந்துவிட்டால் கதிர்கள் எட்டா. அதன்பின் சிதைவு மட்டுமே நடக்கும். அலுமினியம்-26 பாதியாகக் குறைய ஏறத்தாழ 7 இலட்சம் ஆண்டும், பெரிலியம்-10 பாதியாகக் குறைய ஏறத்தாழ 14 இலட்சம் ஆண்டும் ஆகும். ஒரே நேரத்தில் ஏற்றிய இரண்டு மெழுகுவத்திகளில் ஒன்று விரைவாகவும் மற்றொன்று மெதுவாகவும் எரிந்தால், மீதியை ஒப்பிட்டு ஏற்றிய நேரத்தைச் சொல்லிவிடலாம். இதுவும் அத்தகையதே. அத்திரம்பாக்கத்துக் கருவிகளில் உள்ள குவார்ட்சை இவ்வாறு அளந்து, அவை சராசரியாக 15.1 இலட்சம் ஆண்டுப் பழமை உடையவை என்று 2011இல் சயன்சு இதழில் அறிவித்தனர். பூட் கண்டெடுத்து 148 ஆண்டுகளுக்குப் பின் கிடைத்த விடை இது.

இரண்டாவது, ஒளியுமிழ் முறை. மண்ணில் இயற்கையாக உள்ள யுரேனியம், தோரியம், பொட்டாசியம் ஆகியவற்றின் கதிரியக்கத்தால் குவார்ட்சு, பெல்சுபார் மணிகளுக்குள் எலக்ட்ரான்கள் சிறிது சிறிதாகச் சிக்கிக்கொள்கின்றன. சொட்டும் நீரால் நிரம்பும் குடம் போன்றது ஒவ்வொரு மணியும். வெயில் பட்டால் குடம் கவிழ்ந்துவிடும். புதைந்தபின் மீண்டும் நிரம்பத் தொடங்கும். குவார்ட்சுக் குடம் விரைவில் நிரம்பிவிடுவதால், மிகப் பழைய மண்ணுக்குப் பெல்சுபார் பயன்படுகிறது. இம்முறையில், அத்திரம்பாக்கத்தின் இடைப் பழைய கற்காலம் ஏறத்தாழ 3,85,000 ஆண்டுகளுக்கு முன் தொடங்கியது என்று 2018இல் நேச்சர் இதழில் வெளியிட்டனர். இந்தக் கருவி மரபு ஆப்பிரிக்காவிலிருந்து வந்த நவீன மனிதரோடு மிகப் பிற்காலத்தில் இந்தியாவுக்குள் நுழைந்தது என்ற கருத்தை இது மறுபடி சிந்திக்க வைத்தது. கருவிகளைச் செய்தவர்களின் எலும்புகள் அங்கே கிடைக்கவில்லை. ஆகவே அவர்கள் யார் என்ற கேள்வி நீடிக்கிறது.

வெயில் பட்டால் அழியும் காலம்

ஆய்வாளர்கள் ஒளி புகாத குழாய்களில் மண்ணை எடுத்து, மங்கிய சிவப்பு விளக்கில்தான் பிரிக்கின்றனர். வெயில் பட்டால் இலட்சக்கணக்கான ஆண்டுப் பதிவு அழிந்துவிடும் என்பதே காரணம். ஆற்றுப் படுகையில் மணலையும் மண்ணையும் வெட்டி லாரியில் ஏற்றும்போது நடப்பதும் இதுதான். மணல் அப்படியே இருக்கும்; அதிலிருந்த காலம் போய்விடும். புதைந்த அடுக்கிலிருந்து பெயர்த்து எடுத்த கைக்கோடரியும் அவ்வாறே. கண்ணாடிப் பெட்டியில் வைத்துப் பார்க்கலாம், ஆனால் எந்த அடுக்கில், எவ்வளவு ஆழத்தில் கிடந்தது என்பது தெரியாமல் போனால் அதன் வயதைக் கேட்க முடியாது.

பூண்டியில் தமிழ்நாடு அரசு தொல்லியல் துறையின் தொல்பழங்கால அகழ்வைப்பகம் உள்ளது. இப்பகுதியின் கற்கருவிகளை அங்கே காணலாம். கொசத்தலைப் படுகையில் செதுக்கிய கல்லைக் காண்பவர் அதை வீட்டுக்கு எடுத்துச் செல்லாமல், கிடந்த இடத்திலேயே விட்டுத் தொல்லியல் துறைக்குத் தெரிவிப்பதே முறை.