புல்மோட்டைக் கருமணல்

திருகோணமலையின் வரலாறு பெரும்பாலும் அதன் துறைமுகத்தின் வரலாறாகவே எழுதப்பட்டு வந்துள்ளது. போர்த்துக்கேயரும் ஒல்லாந்தரும் பிரித்தானியரும் இவ்வியற்கைத் துறைமுகத்தைக் கைக்கொள்ள முயன்ற வரலாற்றை மாணவர் யாவரும் அறிவர். பிரித்தானியக் கடற்படை 1957ஆம் ஆண்டில் இங்கிருந்து விலகியது. அதே ஆண்டிலேயே, இம்மாவட்டத்தின் வடகரை மணலை அகழ்வதற்கென இலங்கை கனிப்பொருள் மணற் கூட்டுத்தாபனம் நிறுவப்பட்டது. முன்னைய நிகழ்வு அரசியல் வரலாற்றில் இடம்பெற்ற அளவுக்குப் பின்னையது இடம்பெறவில்லை. எனினும் இம்மாவட்டத்தின் பொருளியல் வாழ்வை ஆராய்வோர் அதனைப் புறக்கணித்தல் இயலாது.

திருகோணமலை நகருக்கு வடக்கே ஏறத்தாழ 54 கிலோமீற்றர் தொலைவில் புல்மோட்டை உள்ளது. அரிசிமணிகளை ஒத்த படிகக்கற்களாற் பெயர்பெற்ற அரிசிமலை தொடக்கம் கொக்கிளாய் முகத்துவாரம் வரையுள்ள கடற்கரையிற் கருமணல் படிந்து கிடக்கின்றது. உள்நாட்டின் தொன்மையான பாறைகள் சிதைவுற, அவற்றின் துகள்களை யான் ஓயா முதலிய ஆறுகள் கடலிற் சேர்க்கின்றன. வாடைக்காற்றுக் காலத்து அலைகள் அவற்றைக் கரையில் ஒதுக்குகின்றன. சாதாரண படிக மணல் நீரைப்போல் 2.65 மடங்கு கனமுடையது. இல்மனைற்று என்னுங் கனியமோ ஏறத்தாழ 4.7 மடங்கு கனமுடையது. எனவே திரும்பும் அலை இலேசான மணலை அள்ளிச் செல்ல, கனத்த மணல் கரையில் எஞ்சுகின்றது. இக்கருமணலிற் சுமார் 70 சதவீதம் இல்மனைற்றாகும். உரூற்றைல், சிர்கோன், சிறிதளவு மொனசைற்று என்பனவும் உடன் கலந்துள்ளன.

அலை தொடங்கிய பணியைப் பொறிகள் நிறைவு செய்கின்றன. காந்தத்தால் ஈர்க்கப்படும் இல்மனைற்று முதலிற் பிரிக்கப்படும். மின்னைக் கடத்தும் உரூற்றைலையும் கடத்தாத சிர்கோனையும் உயர் மின்னழுத்தம் வேறாக்கும். உரூற்றைலையும் சிர்கோனையும் பிரிக்கும் ஆலை முதலிற் சீனக்குடாவில் இயங்கிப் பின்னரே புல்மோட்டைக்கு மாற்றப்பட்டது.

ஒரு கனியம் மண்ணிற் கிடப்பதனால் மட்டும் செல்வமாகிவிடுவதில்லை. அதனைப் பயன்படுத்தும் அறிவு தோன்றும்போதே அது செல்வமாகின்றது. தைத்தேனியம் என்ற மூலகத்தை 1791இல் இங்கிலாந்தின் கோர்ன்வால் பகுதியில், ஆற்றோரக் கருமணலிலேயே வில்லியம் கிரகர் என்னும் மதகுரு கண்டறிந்தார். 1795இல் கிளப்புரோத் என்ற செருமானிய இரசாயனவியலாளர் அதற்குப் பெயரிட்டார். ஆயினும் ஒரு நூற்றாண்டுக்கு மேலாக அதனாற் பெரும்பயன் விளையவில்லை. இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியிலேயே இல்மனைற்றிலிருந்து வெண்ணிற நிறமியைப் பெறும் முறை கைத்தொழிலாக வளர்ந்தது. நஞ்சுள்ள ஈய வெள்ளையின் இடத்தை அந்நிறமி பெற்றது. சுவரின் பூச்சும், நாம் எழுதுந் தாளின் வெண்மையும், பற்பசையின் நிறமும் கரிய மணலின் மறுபிறப்புகளே. புல்மோட்டை மணலுக்கு உலகச் சந்தையில் மதிப்பேற்பட்டமைக்கு இவ்வறிவே காரணமாகும்.

ஆனால் அந்த அறிவு மணலோடு சேர்ந்து இக்கரைக்கு வரவில்லை. பிரித்தெடுக்கப்பட்ட மணல் பெரும்பாலும் மூலப்பொருளாகவே கப்பலேறியது. நிறமி பூச்சாகவும் தாளாகவும் திரும்பி வந்தது. போர்க்காலத்தில் அவ்வேற்றுமதியும் இடருற்றது. 1997 செப்டெம்பர் 9ஆந் திகதி, புல்மோட்டைக் கடலில் இல்மனைற்று ஏற்றிக்கொண்டிருந்த ‘கோர்டியாலிட்டி’ என்னுங் கப்பலைக் கடற்புலிகள் தாக்கினர். அயல்நாட்டு மாலுமிகளும் உயிரிழந்தனர். எனினும் பதனிடும் பெருந்தொழில் இங்கு எழாமைக்குப் போரை மட்டும் காரணமாகக் கூறுதல் பொருந்தாது. போர் மூள்வதற்கு முன்னரும் மணல் மணலாகவே சென்றது.

இதனை அயற்கரையோடு ஒப்புநோக்கல் தகும். திருவிதாங்கூர்க் கரையிலும், இன்று கன்னியாகுமரி மாவட்டத்திலுள்ள மணவாளக்குறிச்சியிலும் இதே இனக் கருமணல் உண்டு. 1909இல் சோம்பேர்க் என்ற செருமானியர் அங்கு மொனசைற்றைக் கண்டறிந்தபோது அதுவும் மூலப்பொருளாகவே கடல் கடந்தது. ஐரோப்பிய வீதிகளின் வாயுவிளக்குத் திரிகளுக்கு அதிலுள்ள தோரியம் வேண்டியிருந்தது. ஆனால் 1946இல் திருவனந்தபுரத்தில் தைத்தேனிய நிறமிக்கெனத் தனி நிறுவனம் தோன்றியது. சவறையில் 1980களில் மற்றொரு நிறமி ஆலை எழுந்தது. பின்னர் அங்கு தைத்தேனிய உலோகமும் ஆக்கப்பட்டது. ஒரே மணல், வேறு வரலாறு. இவ்வேறுபாட்டை விளைத்தது கல்வியும் முதலீடும் கொள்கையுமேயன்றி நிலத்தின் இயல்பன்று. அதேவேளை, திருவனந்தபுரத்து ஆலையின் அமிலக் கழிவு கடலிற் கலந்தமை அங்குள்ள மீனவரின் நீண்டகால முறைப்பாடாயிற்று என்பதையும் மறத்தலாகாது. ஆலை வேண்டுமென்போர் அதன் கழிவுக்கும் விடை கூறக் கடமைப்பட்டவர்.

ஈண்டு ஆனந்த குமாரசுவாமியை நினைவுகூர்தல் பொருத்தமானது. கலைமேதையாக உலகறிந்த அவர், 1903 முதல் 1906 வரை இலங்கைக் கனிப்பொருளாய்வுப் பகுதியின் பணிப்பாளராக விளங்கியவர். தோரியனைற்று என்ற புதிய கனியம் உலகறிய வந்ததிலும் அவருக்குப் பங்குண்டு. பாறைகளை ஆராயக் கிராமங்கள்தோறும் சென்றவர் அங்கே நலிந்துகொண்டிருந்த கைவினைஞரைக் கண்டார். 1908இல் இடைக்காலச் சிங்களக் கலை பற்றிய பெருநூலை வெளியிட்டார். நிலத்தின் வளத்தையும் அந்நிலத்து மக்களின் திறனையும் வேறுவேறாக அவர் நோக்கவில்லை.

புல்மோட்டையை ஆராயும் நமக்கும் அந்நோக்கு வேண்டும். கூட்டுத்தாபனம் பின்னர் அரசுடைமைக் கம்பனியாக மாறியது, ஆட்சிகளும் மாறின. ‘இம்மணல் எத்தனை தொன்’ என்ற கணக்கு ஆண்டுதோறும் எழுதப்படுகின்றது. இம்மணலால் இக்கரையின் முஸ்லிம், தமிழ், சிங்கள மக்கள் கற்ற தொழில் யாது, அவர்தம் வலைகளுக்கும் வளவுகளுக்கும் நேர்ந்தது யாது என்ற கணக்கும் எழுதப்படல் வேண்டும். அதனை எழுதுதல் வரலாறு பயில்வோர் கடன்.