சட்டத்தில் எஞ்சிய ஒரு சொல்: கவனக்குறைவும் காட்சி-வெளிசார் இடர்ப்பாடும் – மதுரையை முன்வைத்து

திறவுச்சொற்கள்: கவனக்குறைவு மிகையியக்கக் குறைபாடு, புலன்காட்சி, செயல்நினைவு, கற்றல் குறைபாடு, மதுரை

மதுரையில் பள்ளிப்பிள்ளை கரும்பலகையைப் பார்த்து எழுதும்போது வரியைத் தவறவிட்டால் முதலில் ஐயுறப்படுவது கண்ணே. 1976ஆம் ஆண்டு மருத்துவர் கோ. வெங்கடசாமி 11 படுக்கைகளுடன் தொடங்கிய அரவிந்த் கண் மருத்துவமனையும் அதன் முகாம்களும் இந்நகரிலும் சுற்றியுள்ள சமவெளி ஊர்களிலும் வளர்த்த விழிப்புணர்வுக்கு இதில் பங்குண்டு எனலாம். கண்ணில் பழுதில்லை எனத் தெரிந்தபின் அப்பிள்ளையின் இடர்ப்பாட்டை எப்பெயரால் சுட்டுவது என்பதே இக்கட்டுரையின் வினா. அவ்வினாவிற்கான விடை, மருத்துவத்தைவிடச் சொற்களின் வரலாற்றில்தான் மிகுதியும் புதைந்துள்ளது.

ஹைடல்பர்க்கில் பணியாற்றிய ஆல்பிரெட் ஸ்ட்ராஸ், நாஜி ஆட்சியில் ஜெர்மனியை நீங்கி அமெரிக்காவின் மிச்சிகனில் ஹைன்ஸ் வெர்னருடன் இணைந்து ஆய்வு செய்தார். கோடுகள் நிறைந்த பின்புலத்தில் வரையப்பட்ட பொருளை நொடிப்பொழுது காட்டியபோது, மூளைக்காயமுற்றோர் எனக் கருதப்பட்ட சிறுவர்கள் பொருளை விட்டுப் பின்புலத்தையே கூறினர். துளைப்பலகையில் கோலிக்குண்டுகளால் அமைத்த வடிவத்தைப் பார்த்து அவ்வாறே அமைப்பது மற்றொரு சோதனை. புள்ளிக்கோல மரபில் வளர்ந்தவர்க்கு இது அந்நியமாகத் தோன்றாது; வரிசையையும் இடைவெளியையும் மனத்தில் நிறுத்தினாலன்றிப் படியெடுத்தல் இயலாது. (இவ்வொப்புமை விளக்கத்திற்கே, கோலத்தைச் சோதனைக்கருவியாகக் கொள்வதற்குத் தனி ஆய்வு வேண்டும்.) லாரா லெட்டினனுடன் 1947இல் வெளியிட்ட நூலில் அவர் வெறுஞ்சுவர்கள் கொண்ட வகுப்பறையையும் அணிகலன் தவிர்த்த ஆசிரியரையும் பரிந்துரைத்தார். படங்கள் நிறைந்த நம் தொடக்கப்பள்ளிச் சுவர்களை அவர் கண்டிருந்தால் என்ன கூறியிருப்பாரோ!

நடத்தையைக் கொண்டே மூளைக்காயம் உண்டெனத் துணிந்தது ஸ்ட்ராஸ் ஆய்வின் பெருங்குறை. எனினும் கவனச் சிதறலும் காட்சி இடர்ப்பாடும் அவருக்கு ஒரே சிக்கலின் இரு முகங்களாயிருந்தன. சாம் கிளமென்ட்ஸ் 1966இல் தொகுத்த ‘சிறு அளவிலான மூளைச் செயற்குறை’ என்னும் வரையறையிலும் மிகையியக்கத்திற்கு அடுத்ததாகப் புலன்காட்சி-இயக்கக் குறைபாடு இடம்பெற்றது. பிரிவு அதன்பின்னரே நிகழ்ந்தது. அமெரிக்க உளமருத்துவச் சங்கத்தின் 1968, 1980 கையேடுகள் கவனத்தையும் இயக்கத்தையும் அளவுகோலாக்கின; புலன்காட்சி அவற்றில் இல்லை.

பிரிக்கப்பட்டவை ஆய்வகத்தில் மீண்டும் சந்தித்தன. 26 ஆய்வுகளை ஒருங்கிணைத்து மார்ட்டினுசன் குழுவினர் 2005இல் வெளியிட்ட பகுப்பாய்வு, இக்குறைபாடுடைய சிறுவர்களின் செயல்நினைவில் மொழிசார் பகுதியைவிட வெளிசார் பகுதியே மிகுதியாகப் பாதிப்புற்றிருப்பதைக் காட்டியது. சேமிப்பு நிலையில் விளைவளவு மொழிக்கு 0.47, வெளிக்கு 0.85, கையாளும் நிலையில் முறையே 0.43, 1.06. இங்குப் பாதிப்புறுவது பார்த்தல் அன்று; பார்த்ததை இடத்தோடு நினைவில் இருத்திக் கையாளுதலே ஆகும். கண் பரிசோதனை அதனைக் காட்டாது.

இனிச் சட்டத்திற்கு வருவோம். 1995ஆம் ஆண்டுச் சட்டம் ஏற்ற ஏழு குறைபாடுகளில் கற்றல் குறைபாடு இல்லை. 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டம் 21 வகைகளைப் பட்டியலிட்டது. அதில் குறிப்பிட்ட கற்றல் குறைபாடு உண்டு. கவனக்குறைவு மிகையியக்கக் குறைபாடு தனி வகையாக இல்லை. கற்றல் குறைபாட்டின் வரையறையில் ‘புலன்காட்சிக் குறைபாடுகள்’ என்னும் தொடர் முதலாவதாக நிற்கின்றது. அமெரிக்கக் கல்விச் சட்டத்தின் வரையறையோடு ஒப்பிடின் இதன் மூலம் புலனாகும். அங்குப் புலன்காட்சிக் குறைபாடு, மூளைக்காயம், சிறு அளவிலான மூளைச் செயற்குறை, வாசிப்புக் குறைபாடு, மொழிவளர்ச்சிக் குறைபாடு என வரிசை அமைகின்றது. இந்தியப் பட்டியல் விட்டுவிட்டவை இரண்டாவதும் மூன்றாவதுமே. அம்மூன்றாவதுதான் கவனக்குறைவின் பழைய பெயர். ஸ்ட்ராஸ் மரபின் ஒரு பாதி நம் சட்டத்துள் நுழைந்தது. மறுபாதி வாயிலிலேயே நின்றுவிட்டது.

நுழைந்த பாதியும் உறுதியாக ஊன்றவில்லை. அவ்வரையறை மொழியைக் கையாள்வதில் உள்ள குறையையே அடிப்படையாகக் கொள்கிறது. ஆயினும் 2018 வழிகாட்டுதல்கள் ஏற்ற பெங்களூரு நிம்ஹான்ஸ் சோதனைத் தொகுப்பு, எண் நீக்கல் பணியால் கவனத்தையும் பெண்டர் வடிவச் சோதனையால் காட்சி-இயக்கத் திறனையும் அளக்கின்றது. கையேடு பிரித்ததைச் சோதனைப்பெட்டி இன்னும் சேர்த்தே வைத்திருக்கின்றது. வாசிப்பில் தேறி, வடிவியலிலும் நிலப்படம் குறிப்பதிலும் தடுமாறும் கவனக்குறைவுடைய மாணவர் மேலூரிலோ உசிலம்பட்டியிலோ இருந்து மதுரைக்குச் சான்றிதழ் கோரி வரும்போது, அவருக்கு அது கிடைப்பது ‘புலன்காட்சி’ என்னும் அவ்வொரு சொல்லை மருத்துவக் குழு எவ்வாறு பொருள்கொள்கின்றது என்பதையே பொறுத்தமைகின்றது.