ஆல்ப்ஸ் ரைன்: ஆறு விலகியது, எல்லை விலகவில்லை

ஐரோப்பாவின் பெரிய ஆறுகளுள் ஒன்றான ரைன், சுவிட்சர்லாந்தின் ஆல்ப்ஸ் மலைகளில் பிறக்கிறது. முன் ரைன், பின் ரைன் என்னும் இரு கிளைகள் ரைகெனாவ் என்ற ஊரில் ஒன்று கலக்கின்றன. அங்கிருந்து கான்ஸ்டன்ஸ் ஏரி வரை உள்ள சுமார் 90 கிலோமீட்டர் பகுதிக்கு 'ஆல்ப்ஸ் ரைன்' என்று பெயர். இப்பகுதியில் ஆறு முதலில் சுவிட்சர்லாந்துக்கும் லிக்டன்ஸ்டைனுக்கும் இடையிலும், பின்னர் சுவிட்சர்லாந்துக்கும் ஆஸ்திரியாவுக்கும் இடையிலும் எல்லையாக ஓடுகிறது.

மலையிலிருந்து ஆறு அடித்து வரும் கல்லும் மணலும் சமவெளியில் படிந்துகொண்டே இருந்ததால் ஆற்றுப்படுகை உயர்ந்தது. கரைகளை எவ்வளவு உயர்த்தினாலும் வெள்ளம் அவற்றை உடைத்தது. 1868, 1871, 1888, 1890 ஆகிய ஆண்டுகளின் வெள்ளங்கள் இரு கரை ஊர்களையும் அழித்தன. தனித்தனியே கரை கட்டிப் பயனில்லை என்பது இரு நாடுகளுக்கும் புரிந்தது. 1892 டிசம்பரில் ஆஸ்திரியா-ஹங்கேரியும் சுவிட்சர்லாந்தும் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டன. வளைந்து ஓடும் ஆற்றை நேராக்கினால் நீரின் வேகம் கூடும், வண்டலும் ஏரிக்குப் போய்ச் சேரும் என்பதே திட்டம். ஃபுசாக் வெட்டுக்கால்வாய் 1900-இலும், டீபோல்ட்சாவ் வெட்டுக்கால்வாய் 1923-இலும் திறக்கப்பட்டன. ஆற்றின் நீளம் சுமார் 10 கிலோமீட்டர் குறைந்தது.

ஆறு இடம் மாறியபோதும் எல்லைக்கோடு மாறவில்லை. அது 'பழைய ரைன்' எனப்படும் கைவிடப்பட்ட வளைவுகளிலேயே நின்றுவிட்டது. அதனால் டீபோல்ட்சாவ் என்ற சுவிஸ் ஊர் இன்று ஆற்றுக்குக் கிழக்கே, ஆஸ்திரியப் பக்கம் இருக்கிறது. ஹோக்ஸ்ட், கைசாவ் என்ற ஆஸ்திரிய ஊர்களோ புதிய ஆற்றுக்கு மேற்கே உள்ளன. வரைபடத்தில் பார்க்கும் மாணவருக்கு இது அச்சுப்பிழை போலத் தோன்றும்.

பெருக்கெடுத்து ஓடும் ரைனைக் கடப்பது எளிதன்று. ஆனால் டீபோல்ட்சாவைச் சுற்றிய பழைய வளைவில் நீரோட்டம் அடங்கிவிட்டது. பல இடங்களில் நடந்தே கடக்கலாம். 1938 மார்ச்சில் ஹிட்லரின் ஜெர்மனி ஆஸ்திரியாவைத் தன்னுடன் இணைத்துக்கொண்டபின், யூதர்கள் எதிர்க்கரையிலுள்ள ஹோஹெனெம்ஸ் ஊருக்கு வந்து, இருளில் இந்த ஆழமற்ற நீரில் இறங்கினர். வெள்ளத்தைத் தடுக்க வெட்டிய கால்வாயின் மிச்சம் உயிர் பிழைக்கும் வழியானதை எந்தப் பொறியாளரும் எண்ணியிருக்க மாட்டார். அதே ஆண்டு ஆகஸ்டில் சுவிஸ் அரசு, விசா இல்லாத அகதிகளுக்கு எல்லையை மூடியது.

அப்போது சென்ட் காலன் மாநிலக் காவல்துறைத் தலைவராக இருந்தவர் பவுல் குரூனிங்கர். ஆகஸ்டுக்குப் பின் வந்தவர்களையும் அதற்கு முன்பே வந்தவர்களாக ஆவணங்களில் தேதி மாற்றிப் பதிந்து, அவர் உள்ளே விட்டார். டீபோல்ட்சாவில் மூடப்பட்ட ஓர் எம்பிராய்டரி ஆலையில் அவர்களுக்கு முகாம் அமைந்தது. அவர் காப்பாற்றியோர் பல நூறு பேர் என்றும், 3,000-க்கும் மேல் என்றும் கணக்குகள் வேறுபடுகின்றன. 1939-இல் அவர் பதவி நீக்கப்பட்டார். 1940-இல் நீதிமன்றம் தண்டித்தது. ஓய்வூதியமின்றி வறுமையில் வாழ்ந்து 1972-இல் இறந்தார். 1995-இல்தான், அவர் இறந்து 23 ஆண்டுகளுக்குப் பிறகு, சென்ட் காலன் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது.

டீபோல்ட்சாவையும் ஹோஹெனெம்ஸையும் இணைத்துப் பழைய ரைன் மேல் செல்லும் எல்லைப் பாலத்துக்கு 2012-இல் அவர் பெயர் சூட்டப்பட்டது.