நாற்பத்து நான்கு கால்கள்

திருக்குர்ஆனின் அந்நூர் அத்தியாயத்து 45-ஆம் வசனம், உயிரினங்கள் யாவும் நீரிலிருந்து படைக்கப்பட்டதைக் கூறி, அவற்றை நடையை வைத்து மூன்றாகப் பகுக்கிறது: வயிற்றால் ஊர்வன, இரு கால்களால் நடப்பன, நான்கு கால்களால் நடப்பன. அதனை அடுத்து, அல்லாஹ் தான் நாடியதைப் படைக்கிறான் என்று தொடர்கிறது. இவ்வசனத்தின் விரிவுரையை அரபுக் கல்லூரி வகுப்பில் நடத்தும்போது, காவிரிப் படுகையைச் சேர்ந்த மாணவர் எவரேனும் பூரானைப் பற்றிக் கேட்காமல் விடுவதில்லை. ஐப்பசி, கார்த்திகை மழையில் வயலும் வரப்பும் நீரில் மூழ்க, பூரானும் மரவட்டையும் மேட்டைத் தேடி வீட்டுத் திண்ணைக்கு வந்துவிடும் நாட்டில் இக்கேள்வி எழுவது இயல்பே.

கேள்வி புதியதன்று. ஹி. 606-இல் (கி.பி. 1210) ஹிராத்தில் மறைந்த இமாம் ஃபக்ருத்தீன் ராஸீ (ரஹ்) தம் மாபெரும் விரிவுரையில் இதனைத் தாமே எழுப்புகிறார். சிலந்தி, தேள் முதலியவற்றைச் சுட்டி, நாற்பத்து நான்கு கால்களுடையதும் ‘தக்காலுல் உதுன்’ (காதுக்குள் நுழைவது) எனப்படுவதுமான பிராணியையும் குறிப்பிட்டு, பகுப்பு மூன்றோடு ஏன் நின்றது என வினவுகிறார். மூன்று விடைகளையும் தருகிறார். இத்தகையன அரிதாகையால் இல்லாதவை போலக் கருதப்பட்டன என்பது ஒன்று. கால்கள் பல இருப்பினும் நடக்கையில் உடல் நான்கு புறங்களிலேயே ஊன்றுகிறது என்ற தத்துவ அறிஞர் கூற்று மற்றொன்று. தான் நாடியதைப் படைக்கிறான் என்னும் தொடரே ஏனைய வகைகளைக் குறிப்பால் உணர்த்துகிறது என்பது இன்னொன்று. இமாம் குர்துபீ (ரஹ்) (மறைவு ஹி. 671), உபை இப்னு கஅப் (ரலி) அவர்களின் பிரதியில் ‘அதிகமானவற்றால் நடப்பனவும்’ என்ற பொருளுடைய சொற்கள் இருந்ததாக வந்துள்ள செய்தியையும் பதிவு செய்கிறார்.

இவ்விடைகளில் முதலாவது நமக்கு நிறைவளிக்கவில்லை. பெயரிடப்பட்ட பூச்சியினங்கள் மட்டுமே இன்று ஏறத்தாழப் பத்து இலட்சம். அவை அனைத்தும் ஆறு காலின. அரிது என்பது மனிதக் கண்ணின் கணிப்பேயன்றிப் படைப்பின் கணக்கன்று. மூன்றாவது விடையே உறுதியானது.

நாற்பத்து நான்கு என்னும் எண் சிந்தனைக்குரியது. இன்றும் அரபியில் பூரானுக்கு ‘உம்மு அர்பஅ வ அர்பஈன்’, அதாவது நாற்பத்து நான்கின் தாய், என்றே பெயர். ஐரோப்பிய மொழிகளோ அதனை ‘நூறு காலி’ என்றன. நூறு கால் கொண்ட பூரான் வழக்கமாக இருக்க முடியாது. ஏனெனில் வளர்ந்த பூரானின் நடைக்கால் இணைகள் எப்போதும் ஒற்றைப்படை எண்ணில் அமைகின்றன. நூறு கால் வேண்டுமாயின் ஐம்பது இணை வேண்டும். சில இனங்களில் பதினைந்து இணை, மண்ணுக்குள் வாழும் மெல்லிய இனங்களில் நூற்றெண்பதைத் தாண்டியும் இணைகள் உண்டு. நம் வீடுகளில் காணும் பெரிய பூரானுக்கு இருபத்தோரிணை. தலைக்குப் பின்னே வளைந்திருக்கும் நச்சுக் கொடுக்குகள் வாயுறுப்பு அல்ல, உருமாறிய கால்களே. அவ்விணையையும் சேர்த்தால் இருபத்திரண்டு இணை, நாற்பத்து நான்கு! பெயரிட்டோர் இவ்வாறு எண்ணித்தான் வைத்தனர் என்று நாம் வாதிட வரவில்லை. ஆயினும் கணக்கு பொருந்துகிறது.

அரபு அகராதியாளர்களும் இப்பிராணியை விட்டுவிடவில்லை. ‘உக்ருபான்’ என்ற சொல் தேளின் ஆணைக் குறிக்கும் என்று சிலர் எழுத, அல்ல, அது கால்கள் மிகுந்த நீண்ட மஞ்சள் பிராணி என்று வேறு சிலர் எழுதினர். ‘லிஸானுல் அரப்’ இரண்டையும் தொகுத்துத் தருகிறது. தேளா பூரானா என்ற ஐயம் சொல்லளவிலேயே இருந்திருக்கிறது.

இதே ஐயம் ஐந்து நூற்றாண்டுகளுக்குப் பின் நம் சோழ மண்டலக் கரையை அடைந்தது. இன்று மயிலாடுதுறை மாவட்டத்தில் உள்ள தரங்கம்பாடி, 1620-இல் தஞ்சை இரகுநாத நாயக்கரிடமிருந்து டேனியர் பெற்ற துறைமுகம். அங்கிருந்த கிறித்தவ மிஷனின் மருத்துவராக 1768-இல் வந்தவர் யோகான் கெரார்டு கோனிக். உயிரினங்களுக்கு இரு சொற்பெயர் இடும் முறையை வகுத்த சுவீடன் நாட்டு லின்னேயசிடம் நேரில் பயின்றவர். 1774-இல் இவர் ஆற்காட்டு நவாப் முஹம்மது அலீ வாலாஜாவின் இயற்கை ஆய்வாளராகப் பணியேற்றார். நவாபின் படை தஞ்சையைக் கைப்பற்றி (1773), அது மீண்டும் துளஜாவிடம் ஒப்படைக்கப்பட்ட (1776) காலத்தையொட்டியது இது. நவாபின் போர்களையும் கடன்களையும் விரிவாக எழுதும் வரலாற்றாசிரியர்கள், அவரது சம்பளப் பட்டியலில் ஓர் இயற்கை ஆய்வாளரும் இருந்ததைப் பெரும்பாலும் கண்டுகொள்வதில்லை. 1778-இல் கோனிக் கம்பெனிப் பணிக்கு மாறினார். 1785-இல் காக்கிநாடா அருகே மறைந்தார்.

அவர் அனுப்பிய பூச்சிகளைக் கொண்டு, லின்னேயசின் மற்றொரு மாணவரான ஃபாப்ரிசியஸ் பல இனங்களுக்குப் பெயரிட்டார். பருத்தியைக் கறைப்படுத்தும் சிவப்புப் பூச்சி 1775 முதல் கோனிக்கின் பெயரையே தாங்கி நிற்கிறது. தென்னாட்டுக் கறையான் பற்றிக் கோனிக் எழுதிய கட்டுரை 1779-இல் பெர்லினில் வெளிவந்தது. ஐரோப்பியர் அதனை ‘வெள்ளை எறும்பு’ என்றே வழங்கினர். கறையான் எறும்பன்று, கரப்பானின் உறவு என்பது பிற்கால முடிவு. தொல்காப்பிய மரபியலோ சிதலையும் எறும்பையும் மூவறிவுயிர் என ஒரே வகுப்பில் வைத்தாலும், பெயரால் அன்றே பிரித்திருந்தது.

கோனிக் கையோடு கொண்டுவந்த வகைப்பாட்டில் பூரானின் இடம் யாது? லின்னேயஸ் 1758-இல் வெளியிட்ட பத்தாம் பதிப்பில், கடிக்கும் பூரானுக்குப் பெயரிட்டு அதன் வாழிடம் இந்திய நாடுகள் என்று எழுதினார். ஆனால் அதனை வைத்த இடம் ‘இறகற்ற பூச்சிகள்’ என்னும் பிரிவு. பேன், சிலந்தி, தேள், நண்டு, மரவட்டை யாவும் அங்கேயே அடைக்கலம் புகுந்திருந்தன! பாரிசில் லாமார்க் 1801-இல் நண்டையும் சிலந்தியையும் பூச்சிகளிலிருந்து பிரித்தபோது, பூரானைச் சிலந்தியோடு சேர்த்துவிட்டார். 1814-இல் லீச் என்ற ஆங்கிலேயரே பலகாலிகளைத் தனி வகுப்பாக்கினார். 1817-இல் லத்ரேய் பூரானினத்துக்குத் தனிப்பெயர் தந்தார். மரவட்டையினத்துக்கு இன்றுள்ள பெயர் 1844-இல்தான் வந்தது.

வேறுபாடு விளங்குவதற்கு எளிது. பூச்சியின் உடல் தலை, மார்பு, வயிறு என மூன்று. கால்கள் மார்பில் மட்டுமே, அவை ஆறு. பூரானுக்கும் மரவட்டைக்கும் தலைக்குப் பின் நீண்ட உடலே உண்டு. பூரான் தட்டையானது, கணுவுக்கு ஓரிணைக் கால், விரைந்தோடி வேட்டையாடும், நஞ்சுடையது. மரவட்டை உருண்டது, முதல் சில வளையங்கள் நீங்கலாக வளையத்துக்கு ஈரிணைக் கால், அழுகிய இலையை உண்டு மண்ணை வளப்படுத்தும். கடிக்காது. தொட்டால் சுருண்டு, கறைபடியும் நீரைக் கசியவிடும். ‘ஆயிரங்காலி’ என்னும் ஐரோப்பியப் பெயரும் நெடுங்காலம் மிகையாகவே இருந்தது; 2021-இல் ஆஸ்திரேலியாவின் ஆழ்மண்ணிலிருந்து 1306 கால்களுடைய இனம் ஒன்று விவரிக்கப்பட்ட பின்னரே அது மெய்யாயிற்று.

அண்மைக் கால மரபணு ஆய்வுகள் இன்னொரு மாற்றத்தைக் கொணர்ந்துள்ளன. பூச்சிக்கு நெருங்கிய உறவு பூரான் என்றே இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதி வரை பெரும்பாலோர் கருதினர். இப்போதோ பூச்சிகள் இறால், நண்டு கூட்டத்திலிருந்தே கிளைத்தன என்பது நிலைபெற்றுவிட்டது.

இங்கேதான் நம் மாணவர்களின் சிக்கல் தொடங்குகிறது. பாட நூல்களில் வரும் ‘ஹஷராத்’ என்ற சொல்லைத் தற்கால அகராதியின் துணையோடு ‘பூச்சிகள்’ எனத் தமிழாக்கிவிடுகின்றனர். முந்தைய அரபியில் அச்சொல் பூமியில் ஊர்ந்து வளையில் வாழும் சிறு பிராணிகள் அனைத்தையும் குறிக்கும். எலியும் முள்ளெலியும் ‘ளப்’ எனும் பாலைவனப் பல்லியும் அதில் அடங்கும் என்று ஹனஃபி ஃபிக்ஹ் நூல்கள் பேசுவது அதனால்தான். ‘பூச்சி’ எனப் பெயர்த்தால் எலி வெளியேறிவிடும். லின்னேயசுக்குப் பிந்திய கணக்கில் பூரானும் வெளியேறிவிடும். சட்டம் சொன்னது ஒன்று, மாணவர் புரிந்துகொள்வது வேறொன்று. ‘தரையில் ஊரும் சிற்றுயிர்கள்’ என்பதே பொருத்தமான தமிழ் எனக் கருதுகிறோம்.

அதே நூல்களில் தண்ணீர் பற்றிய பாடம், ‘ஓடும் இரத்தம் அற்றவை’ என்றொரு வகையை வகுக்கிறது. கொசு, ஈ, குளவி, தேள் போன்றவை நீரில் விழுந்து இறந்தால் நீர் அசுத்தமாவதில்லை என ‘ஹிதாயா’ கூறுகிறது. பள்ளிவாசல் ஹவ்ளில் விழும் பூரானுக்கும் மரவட்டைக்கும் விடை இங்கேயே கிடைக்கிறது. கால்களை எண்ணும் தேவை எழவில்லை.

இறால் பற்றிய வழக்கும் இவ்வாறானதே. நாகூர், அதிராம்பட்டினம் முதலிய கடலோர ஷாஃபிஈ மக்களிடம் இக்கேள்வி எழுவதில்லை. மீன் மட்டுமே ஆகும் எனக் கொள்ளும் ஹனஃபிகள் மிகுந்த உள்நாட்டு ஊர்களில்தான் இறால் மீனா என்று கேட்கின்றனர். விலங்கியலைக் காட்டி மீனன்று எனத் தவிர்ப்போர் உண்டு. இறால் பூச்சிக்கு உறவு என்னும் புதிய செய்தியைப் படித்துவிட்டு அதனை ஹஷராத்தில் சேர்க்கத் துணிவோரும் இனி வரக்கூடும். ஹி. 808-இல் மறைந்த தமீரீ (ரஹ்) தம் விலங்கு நூலில் ‘ரூப்யான்’ என்பதைச் சிவந்த மிகச் சிறு மீன் என்றே பதிந்திருக்கிறார். ஆகும் என்போர் அரபியரின் அந்த வழக்கையே ஆதாரமாகக் காட்டுகின்றனர். நம் பகுதிச் சந்தைகளிலும் இறால் விற்பது மீன் கடையில்தான்.